ஆவணப்படம் சோறு போடுமா?

கேள்வி: இதழியல் முடிச்சிருக்கேன் சார், துப்புரவுத் தொழிலாளர்கள் பத்தி டாக்குமென்டரியும் புத்தகமும் பண்ணணும்னு ஆசை, பொழைக்க முடியுமா? - வாசகி, திருச்சி

பதில்: முடியும்மா, ஆனா படத்தை மட்டும் நம்பி வீட்டு வாடகை கட்ட முடியாது. ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தன் 'ஜெய் பீம் காம்ரேட்' ஆவணப்படத்துக்காக 14 வருஷம் உழைச்சு 2011லதான் முடிச்சாரு. நீங்க சொல்ற விஷயத்தையே இயக்குநர் திவ்யபாரதி 'கக்கூஸ்'னு ஆவணப்படமா எடுத்தாங்க, திரையிட விடாம தடுத்தப்போ 2017ல யூடியூப்லயே போட்டாங்க, எவ்ளோ பெரிய துணிச்சல் அது! நீங்க முதல்ல ஏதாவது பதிப்பகத்துல சேர்ந்து எடிட்டிங், ப்ரூஃப் (பிழை திருத்துறது), லே-அவுட் (பக்க வடிவமைப்பு) கத்துக்கோங்க, அந்தச் சம்பளத்துல லீவு நாள்ல ஷூட் பண்ணுங்க. புத்தகத்தை பிரின்ட் ஆன் டிமாண்ட்ல, அதாவது தேவைப்படுற அளவுக்கு மட்டும் அச்சடிக்கிற முறையில, 50 காப்பி போட்டும் ஆரம்பிக்கலாம். ஒண்ணு மட்டும் மறக்காதீங்க, எடுத்ததை அந்த ஜனங்ககிட்ட முதல்ல போட்டுக் காட்டுங்க, வேணாம்னு அவங்க சொல்ற சீனை வெட்டிடுங்கம்மா.