பாட்டியின் கையெழுத்தைப் பொடியாகப் பச்சை குத்தலாமா?

கேள்வி: எனக்கு வயது 27. மறைந்த என் பாட்டி ஒவ்வொரு கடிதத்தையும் ‘கண்ணே, நன்றாயிரு’ என்றுதான் முடிப்பார். அந்த வரியை அவர் கையெழுத்திலேயே மணிக்கட்டில் பொடியாகப் பச்சை குத்திக்கொள்ள ஆசை. “அடுத்தவர் எழுத்தைக் காப்பியடிப்பதில் என்ன கலை, என்ன சுயவெளிப்பாடு? வெறும் ஃபேஷன்” என்கிறான் அண்ணன். அவன் சொல்வது சரியா?

பதில்: பாதி சரி. பச்சை குத்தியதெல்லாம் கலை என்று நானும் சொல்லமாட்டேன். 1991-ல் ஆல்ப்ஸ் பனியில் கிடைத்த ஏட்ஸி என்ற ஆதி மனிதரின் உடலில் 61 பச்சைக் குறிகள் இருக்கின்றன. பெரும்பாலும் வெறும் கோடுகள்தான். முதுகு, முழங்கால், கணுக்கால் என்று வலி வரும் இடங்களில் இருப்பதால், அது வைத்தியமாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

ஆனால் பாட்டியின் எழுத்து உங்களுடையது ஆகாது என்பதை ஏற்க முடியாது. நியூசிலாந்தின் மாவோரி மக்கள் முகத்தில் குத்திக்கொள்ளும் மோகோ அவரவர் வம்சாவளியைச் சொல்லும். ‘நான் இன்னார் வழி வந்தவள்’ என்பதைவிடப் பெரிய சுயவெளிப்பாடு என்ன இருக்கிறது?

என் கவலை வேறு. ‘பொடியாக’ என்கிறீர்களே, அங்கேதான் இடிக்கிறது. மை நிற்பது மேல்தோலுக்கு அடியில். அங்குள்ள நோய் எதிர்ப்புச் செல்கள் அதை விழுங்கி வைத்திருக்கும். வருடங்கள் போகப்போக மை மெல்லப் பரவிக் கோடு தடிக்கும். உங்கள் வரியில் ண் இருக்கிறது, ணே இருக்கிறது, றா இருக்கிறது. பொடியாகக் குத்தினால் ண-வின் சுழிகள் அடைத்துக்கொள்ளும், புள்ளி எழுத்தோடு ஒட்டிவிடும். பத்து வருடம் கழித்து அதைப் பாட்டியே படிக்கத் திணறுவார்! மணிக்கட்டு மடியும் இடம் வேண்டாம். முன்கையின் உள்பக்கம், சுழிகளுக்குள் காற்றோட்டம் இருக்கிற அளவில் குத்துங்கள்.

கலை எங்கே என்று கேட்ட அண்ணனுக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. ஊசி கொஞ்சம் ஆழமாக இறங்கினால் மை கசிந்து நிழல் தட்டும். மேலோட்டமாக நின்றால் ஆறும்போதே உதிரும். பாட்டி பேனாவை அழுத்திய இடம், தூக்கிய இடம் எல்லாம் தெரிய வேண்டும். நகலெடுப்பவருக்கு அது வராது, கை தேர்ந்தவருக்கு வரும். அவரைத் தேடும்போது குத்திய அன்றே எடுத்த படங்களைப் பார்த்து மயங்காதீர்கள். எல்லாமே அன்று பளிச்சென்றுதான் இருக்கும். ஆறி, ஒன்றிரண்டு வருடம் ஆன எழுத்து வேலைகளின் படங்களைக் கேளுங்கள். அப்புறம், உறை பிரிக்காத புது ஊசியை உங்கள் கண்முன் எடுக்கச் சொல்லுங்கள். காயத்தழும்பு தடித்து வளரும் உடம்பு என்றால் முதலில் தோல் மருத்துவரைப் பாருங்கள்.