கிறிஸ்துமஸ் அன்று எங்காவது கால்பந்து இறுதி ஆட்டம் நடக்குமா?

நடக்கும். நானே போய்ப் பார்த்திருக்கிறேன். வடக்கு அயர்லாந்தின் பெல்ஃபாஸ்டில் ஸ்டீல் அண்ட் சன்ஸ் கோப்பை என்று ஒரு நாக்-அவுட் போட்டி இருக்கிறது. 1895-96 பருவத்தில் தொடங்கியது. இறுதி ஆட்டம் கிறிஸ்துமஸ் காலையில்தான், வழக்கமாகப் பத்தரை மணிக்கு. 25-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமையில் வந்தால் மட்டும் முந்தின நாளே வைத்துவிடுவார்கள். ஞாயிறன்று பந்தைத் தொடக்கூடாது என்று நெடுங்காலம் இருந்த ஊர் அது.

இங்கிலாந்திலும் ஒரு காலத்தில் கிறிஸ்துமஸ் அன்று லீக் ஆட்டங்கள் உண்டு. 1965-இல் பிளாக்பூலும் பிளாக்பர்ன் ரோவர்ஸும் ஆடியதோடு அந்த வழக்கம் நின்றுபோனது.

ஸ்டீல் அண்ட் சன்ஸ், பெல்ஃபாஸ்ட் வட்டாரத்துச் சின்ன கிளப்புகளுக்கான கோப்பை. பகலில் வேலைக்குப் போய்விட்டு மாலையில் பயிற்சிக்கு வருகிறவர்கள் ஆடுவது. பெரிய கிளப்புகளின் இரண்டாம் அணிகளையும் சேர்த்துக்கொள்கிறார்கள். லின்ஃபீல்ட் என்ற பெரிய கிளப்பின் இரண்டாம் அணியான லின்ஃபீல்ட் ஸ்விஃப்ட்ஸ் பலமுறை வென்றிருக்கிறது. எனக்கு இது பிடிக்காது. பந்தியில் முதலில் உட்கார்ந்து சாப்பிட்டவன் கடைசிப் பந்திக்கும் வருகிற மாதிரி. ஆனால் சின்ன அணிகளை இளக்காரமாக நினைக்கவும் முடியாது. இந்தக் கோப்பையை வென்ற அணிகளில் ஒன்றான டண்டெலா, பெரிய கிளப்புகளும் ஆடும் ஐரிஷ் கோப்பையின் 1955 இறுதி ஆட்டத்தில் கிளெனவன் என்ற பெரிய கிளப்பை 3-0 என்று சாய்த்தது. அவர்கள் மைதானத்துக்குச் செல்லப்பெயர் 'கோழிப்பட்டி'!

நான் அங்கே படித்துக்கொண்டிருந்தபோது, அறையில் தனியாகக் கிடக்கிறேனே என்று பக்கத்து வீட்டுப் பெரியவர் காரில் கூட்டிப்போனார். அன்றைக்குப் பேருந்தும் கிடையாது, ரயிலும் கிடையாது. குரூசேடர்ஸ் கிளப்பின் சீவியூ மைதானம். பெயருக்கேற்ப கடல் பக்கம்தான், காற்று காதை அறுத்தது. வெயில் என்று ஒன்று பேருக்கு வந்திருந்தது. பக்கத்தில் ஒரு பையன் காலையில் பரிசாகக் கிடைத்த கையுறையை விலைச்சீட்டைக்கூடப் பிய்க்காமல் மாட்டியிருந்தான். கோல்கீப்பர் தன் ஆட்களைத் திட்டுவது ஒவ்வொரு சொல்லாகக் கேட்டது. (பாதி எனக்குப் புரியவில்லை. புரிந்த பாதியை இங்கே எழுத முடியாது.)

எண்பதாவது நிமிடம் வரை 1-1. அப்போதுதான் வேடிக்கை. அரங்கில் ஆளாளுக்குக் கைக்கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்தார்கள். கூடுதல் நேரம் என்றால் அடுப்பில் இருக்கும் வான்கோழி கதி? "யாராவது ஒருத்தன் அடிச்சுத் தொலைங்கப்பா" என்கிற அர்த்தத்தில் பின்னாலிருந்து ஒரு குரல். அடித்தார்கள், எங்கள் பெரியவர் அணிக்கு எதிராக.

ஒரு மணிக்குள் வீடு வந்து சேர்ந்தோம். அவர் மனைவி ஸ்கோர் என்னவென்று கேட்கவில்லை. முகத்தைப் பார்த்தார், உருளைக்கிழங்கையும் கத்தியையும் அவர் பக்கம் நகர்த்தினார். அப்புறம் எனக்கும் ஒரு கத்தி வந்தது.