காரங்காட்டுச் சேற்று நாற்றம் மீத்தேனா?

ராமநாதபுரம் மாவட்டத்துக் காரங்காடு அலையாத்திக் காட்டுப் பக்கம் சேற்றில் கால் வைத்தால் அழுகிய முட்டை நாற்றம் வருகிறது, இதுதானே மீத்தேன் என்று கேட்டிருந்தீர்கள். இல்லை, மீத்தேன் தீப்பற்றக்கூடிய, பூமியைச் சூடாக்கும் ஒரு வாயு; அதற்கு வாசனையே கிடையாது. நீங்கள் முகர்ந்தது ஹைட்ரஜன் சல்ஃபைடு என்ற வேறு வாயு. கடல்நீரில் சல்ஃபேட் என்ற கந்தக உப்பு நிறைய இருப்பதால், அதைப் பயன்படுத்தி இந்த வாயுவை உண்டாக்கும் பாக்டீரியாக்கள் முந்திக்கொள்கின்றன. மீத்தேன் உண்டாக்கும் நுண்ணுயிர்களுக்கு இரை அவ்வளவாக மிஞ்சுவதில்லை.

மீத்தேனைப் பார்க்க வேண்டுமென்றால் ஆர்.எஸ்.மங்கலம் கண்மாயில் தண்ணீர் நிற்கும்போது போங்கள். கரையோரச் சேற்றைக் கம்பால் குத்தினால் குபுகுபுவென்று எழும் குமிழியில் அதுதான் நிறைய. 1776இல் இத்தாலியில் விஞ்ஞானி வோல்ட்டா ஏரிச் சேற்றைக் கிளறி இப்படித்தான் பிடித்தார். (தீப்பெட்டியை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள்!) நெல் வயல், மாட்டின் ஏப்பம், குப்பைமேடு, எரிவாயுக் கசிவு எல்லாம் மீத்தேன் காற்றில் சேரும் மற்ற வழிகள்.

அப்புறம், மரம் நட்டால் மீத்தேனை உறிஞ்சுமா என்றீர்கள். மரத்தின் பெரிய வேலை கார்பன் டை ஆக்சைடில்தான். மீத்தேனில் சுமார் 90 சதவீதத்தைத் தீர்ப்பது காற்றிலுள்ள ஹைட்ராக்சில் என்ற துணுக்கு. வெயில் பட்ட ஓசோனும் நீராவியும் சேர்ந்து அதை உண்டாக்குகின்றன. அதன் ஆயுள் ஏறக்குறைய ஒரு நொடி. அதனால் காற்றில் அது எப்போதும் மிகக் கொஞ்சமே இருக்கும்; மீத்தேன் தீர 10 ஆண்டு போல ஆகிறது. மிச்சத்தில் கொஞ்சத்தைக் காய்ந்த மண்ணிலுள்ள பாக்டீரியாக்கள் தின்கின்றன.