பூவில் தூள் விழுந்தால் காய்தானே? – செடிகொடி கேள்வி பதில்

கேள்வி: மகரந்தச் சேர்க்கை, கருவுறுதல் இரண்டும் ஒன்றுதானே? மகளின் பாடப்புத்தகம் தனித்தனியாக எழுதச் சொல்கிறது. செய்திகளிலோ ‘தேனீக்கள் பூக்களைக் கருவுறச் செய்கின்றன’ என்று போடுகிறார்கள். எதை நம்புவது?

பதில்: புத்தகத்தை நம்புங்கள். பூவின் ஆண் பாகமான மகரந்தப்பையிலிருந்து கிளம்பிய தூள், பெண் பாகமான சூலகத்தின் நுனியில், அதாவது சூலகமுடியில் போய் உட்காருகிறதே, அதோடு மகரந்தச் சேர்க்கை முடிந்துவிட்டது. காற்று கொண்டுவந்ததா, வண்டு கொண்டுவந்ததா, நீங்களே தூரிகையால் தடவினீர்களா என்பதெல்லாம் பிறகு. தூள் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு வந்து சேர்ந்தது, அவ்வளவுதான் அந்தச் சொல்லின் பொருள். கருவுறுதல் அதற்கப்புறம் பூவுக்குள்ளே நடக்கிற வேலை. தேனீ அதைச் செய்வதில்லை, அதற்குள் அது நாலு தோட்டம் தாண்டிப் போயிருக்கும்.

உள்ளே நடப்பதைப் பார்க்க மக்காச்சோளக் கதிர் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். மட்டையின் நுனியில் பட்டுநூல் மாதிரி இழைகள் தொங்குமே, அதைப் பிய்த்து எறிந்துவிடுகிறோம், ஆனால் ஒவ்வோர் இழையும் ஒரே ஒரு மணியிலிருந்து புறப்பட்டு வெளியே வந்திருக்கிறது. சூலகத்தண்டும் சூலகமுடியும் அந்த இழைதான். செடியின் உச்சியில் இருக்கும் ஆண் பூங்கொத்திலிருந்து காற்றில் வந்த தூள் இழையில் ஒட்டியதும் ஈரத்தை உறிஞ்சி, ஒரு மெல்லிய குழலை நீட்டுகிறது. மகரந்தக்குழல் என்பது அதுதான். சாண் நீளத்துக்கும் மேலாக இருக்கக்கூடிய அந்த இழை முழுவதையும் துளைத்துக்கொண்டு அது சுமார் ஒரு நாளில், பின்னால் விதையாகப் போகும் பாகமான சூலைப் போய்ச் சேர்கிறது. தூள் படாத இழை இருந்தால் அதன் அடியில் மணி பிடிக்காது. உரித்துப் பார்க்கும்போது கதிர் அங்கங்கே பொக்கையாக இருப்பதற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

குழல் இரண்டு ஆண் அணுக்களைக் கொண்டுபோகிறது. ஒன்று முட்டையோடு சேர்ந்து கருவாகிறது, இன்னொன்று சூலின் நடுவில் இருக்கும் இரண்டு உட்கருக்களோடு சேர்ந்து, கருவுக்கு உணவான கருவூணாகிறது. இதற்கு இரட்டைக் கருவுறுதல் என்று பெயர்; 1898-இல் ரஷ்யத் தாவரவியலாளர் செர்கெய் நவாஷின் லில்லிக் குடும்பப் பூக்களில் கண்டு சொன்னார். கருவூண் என்றதும் ஏதோ நுண்ணோக்கிச் சமாசாரம் என்று நினைக்க வேண்டாம். அரிசியில் நாம் சாப்பிடும் வெள்ளைப் பகுதி அதுதான், தேங்காயின் தண்ணீரும் பருப்பும் அதுவேதான்.

தூள் சேர்வதற்கும் கருவுறுவதற்கும் இடையே எவ்வளவு நேரம் ஆகும் என்பது செடிக்குச் செடி மாறும். மக்காச்சோளத்துக்கு ஒரு நாள். பைன் மரத்தில் தூள் வந்து சேர்ந்து சுமார் ஒரு வருஷம் கழித்துத்தான் கருவுறுகிறது. ஒரு வருஷம் இடைவெளி உள்ள இரண்டு நிகழ்ச்சிகளுக்கு ஒரே பெயர் வைத்தால் எப்படி?

பைனைச் சொன்னதால் இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், மகள் தேர்வில் உதவும். ‘மகரந்தப்பையிலிருந்து சூலகமுடிக்கு’ என்ற வரையறை பூக்கும் தாவரங்களுக்கு மட்டும். பைன், பனை மாதிரித் தெரியும் சைகஸ் போன்ற, பூக்காமலே விதை தரும் தாவரங்களில் சூலகமே கிடையாது, தூள் நேராகச் சூலின் மேலேயே போய் விழும். அதையும் மகரந்தச் சேர்க்கை என்றுதான் சொல்கிறோம். பெரணிக்கும் பாசிக்கும் மகரந்தமே இல்லை, அவற்றின் ஆண் அணுக்கள் தண்ணீரில் நீந்திப் போகின்றன. ஆகவே அங்கே கருவுறுதல் உண்டு, மகரந்தச் சேர்க்கை இல்லை. நடுவில் மாட்டிக்கொண்டு நிற்பது சைகஸும் கிங்கோ மரமும்: மகரந்தமும் உண்டு, கடைசிச் சிறு தூரத்தை நீந்திக் கடக்கும் ஆண் அணுவும் உண்டு. கிங்கோவில் இதை 1896-இல் கண்டவர் ஜப்பானைச் சேர்ந்த சாகுகோரோ ஹிராசே.

கேள்வி: பூசணியில் பிஞ்சு வருகிறது, நெல்லிக்காய் அளவில் மஞ்சளாகி விழுந்துவிடுகிறது. உரம் வைத்தும் பயனில்லை. ‘கருவுற்ற பிஞ்சு ஏன் உதிர்கிறது’ என்று கேட்டால் ஆளுக்கொன்று சொல்கிறார்கள்.

பதில்: அது கருவுறவே இல்லை. அதைப் பிஞ்சு என்று எண்ணியதில்தான் எல்லாம் தடம் மாறிவிட்டது. பூசணியின் பெண் பூ பிறக்கும்போதே அடியில் குட்டிப் பூசணி மாதிரி ஒரு உருண்டையோடுதான் பிறக்கும், அது சூல்கள் அடங்கிய சூற்பை. தூள் வந்து சேர்ந்தாலும் சேராவிட்டாலும் அது இருக்கும். சேரவில்லை என்றால் சில நாளில் மஞ்சளாகி, நுனியிலிருந்து சுருங்கி உதிரும். உரத்தை நிறுத்திவிட்டுப் பூவைப் பாருங்கள்.

ஆண் பூ நீளமான மெல்லிய காம்பில் நிற்கும், அடியில் உருண்டை இருக்காது. கொடியில் முதலில் வருவது பெரும்பாலும் ஆண் பூக்கள்தான், ‘பூவாய்ப் பூக்கிறது, ஒன்றும் காய்க்கவில்லை’ என்ற புலம்பல் அந்தக் கட்டத்தில் வருவது. பெண் பூ அதிகாலையில் விரியும், வெயில் ஏறினால் மூடிக்கொள்ளும், மறுநாள் திறக்காது. எனவே காலையிலேயே அன்று விரிந்த ஓர் ஆண் பூவைக் காம்போடு கிள்ளி, இதழ்களை உரித்துவிட்டு, நடுவில் மஞ்சள் பொடி அப்பிய அந்தத் தண்டைப் பெண் பூவின் நடு மேட்டில் தடவுங்கள். மேடு பல மடல்களாகப் பிரிந்திருக்கும், ஒரு பக்கம் மட்டும் தொட்டுவிட்டு வந்துவிடாதீர்கள், எல்லா மடலிலும் பொடி படட்டும். ஒவ்வொரு விதைக்கும் தனித்தனியாக ஒரு மகரந்தத் துகள் தேவை. நூற்றுக்கணக்கான விதை உள்ள காய்க்கு நாலு துகள் போதாது. போதாமல் போனால் காய் உதிரும், அல்லது ஒரு பக்கம் பெருத்து மறுபக்கம் சூம்பி வளரும். கோணல் வெள்ளரிக்காய் பலவற்றின் கதையும் இதுதான்.

தடவிய பூவில் ஒரு நூலைக் கட்டி வையுங்கள். ஒரு வாரத்துக்குள் அந்த உருண்டை பெருக்கத் தொடங்கியிருந்தால் கருவுற்றுவிட்டது என்று பொருள். அதற்கப்புறமும் உதிர்ந்தால் அப்போது தண்ணீரையும் ஊட்டத்தையும் பழ ஈயையும் சந்தேகப்படலாம்.

கேள்வி: இதே வேலையைத் தேர்வில் கேட்டால், ஒரே கொடியின் ஆண் பூவிலிருந்து பெண் பூவுக்குத் தூள் போவது தன் மகரந்தச் சேர்க்கையா, அயல் மகரந்தச் சேர்க்கையா?

பதில்: குறும்பான கேள்வி. ஒரு பூவிலிருந்து இன்னொரு பூவுக்குப் போக வண்டோ கையோ வேண்டியிருக்கிறது, அந்த வகையில் அயல். ஆனால் இரண்டு பூவும் ஒரே செடியின் மரபைத்தான் சுமக்கின்றன, அந்த வகையில் தன். இதற்கென்றே கெய்ட்டினோகேமி என்று தனிப்பெயர் இருக்கிறது. பாடநூல்களில் ஒன்று அதைத் தன்னோடு சேர்க்கும், இன்னொன்று அயலோடு சேர்க்கும். பெயரை எழுதி, செயலால் அயல், மரபால் தன் என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள், மதிப்பெண்ணைக் குறைக்கத் திருத்துபவருக்குக் கை வராது.

கேள்வி: குடைமிளகாய்ச் செடிக்குப் பக்கத்தில் பச்சைமிளகாய் வைத்தால் குடைமிளகாயில் காரம் ஏறிவிடுமாமே?

பதில்: ஏறாது. காயின் சதை தாய்ச்செடியின் சூற்பை வளர்ந்து ஆனது, அதில் வெளியிலிருந்து வந்த தூளுக்குப் பங்கில்லை. கலப்பு விதைக்குள்தான் இருக்கும். அந்த விதையை எடுத்து நீங்கள் அடுத்த முறை விதைத்தால், அதில் வளரும் செடியின் காய் காரமாக இருக்க நிறைய வாய்ப்பு உண்டு. ‘போன வருஷம் பக்கத்தில் வைத்தேன், காரமாகிவிட்டது’ என்பவர்களைக் கொஞ்சம் கிண்டிக் கேட்டுப் பாருங்கள், விதை சொந்த விதையாக இருக்கும்.

மக்காச்சோளம் இதற்கு விதிவிலக்கு மாதிரி தெரியும். வெள்ளைச் சோளக் கதிரில் பக்கத்து மஞ்சள் சோளத்தின் தூள் விழுந்தால் அதே கதிரிலேயே மஞ்சள் மணிகள் வரும். நாம் அங்கே பார்ப்பது சதையை அல்ல, கருவூணை. மேலே சொன்னபடி கருவூணில் தகப்பனுக்கும் பங்கு உண்டு. விதி உடையவில்லை, நாம் பார்க்கும் பாகம் மாறிவிட்டது.

அப்புறம், சுரைக்காயும் வெள்ளரியும் கலந்துவிடும் என்ற பயமும் தேவையில்லை. ஒரே குடும்பம் என்றாலும் பேரினம் வேறு. வண்டு தூளைக் கொண்டுபோய் வைக்கும். சூலகமுடி அதை வளரவிடாது.

கேள்வி: மகரந்த சேர்க்கையா, மகரந்தச் சேர்க்கையா? தமிழில் வேறு சொல் இல்லையா?

பதில்: ச் போட்டு எழுதுவதே சரி. மகரந்தம் வடமொழியிலிருந்து வந்தது, அங்கே அதற்குப் பூந்தேன் என்று பொருள். தமிழில் தூளுக்கு நிலைத்துவிட்டது. தூளுக்கு நம் பழைய சொல் தாது, பூந்தாது. அழகான சொல்தான், ஆனால் தாது என்றால் இன்று எல்லோருக்கும் இரும்புத் தாது நினைவுக்கு வருகிறது. நான் மகரந்தத்தோடே இருந்துவிடுகிறேன்.

கேள்வி: டிராகன் பழச்செடி ஒன்றுதான் இருக்கிறது. இரவில் தட்டளவு பூக்கிறது. நானே தூரிகையால் தடவியும் நிற்பதில்லை. தூள் கெட்டுப்போய்விட்டதா?

பதில்: தூள் நன்றாகவே இருக்கும். அந்தப் பழத்தில் பல வகைகள் தன் தூளை ஏற்பதில்லை. பாடநூல் இதைத் தன் மலட்டுத்தன்மை என்கிறது, எனக்குப் பிடிக்காத பெயர், ஏனென்றால் இங்கே மலடு எதுவுமே இல்லை. அதே தூளை வேறு வகைச் செடியின் பூவில் வைத்தால் காய்க்கும். தன்னுடையது என்று அடையாளம் தெரிந்ததும் சூலகம் அதை வளரவிடாமல் நிறுத்திவிடுகிறது, அதுதான் நடப்பது. மகரந்தச் சேர்க்கையை நீங்கள் ஒழுங்காகவே செய்திருக்கிறீர்கள், கருவுறுதல்தான் நடக்கவில்லை. ஆப்பிளிலும் மஞ்சள் பேஷன் பழத்திலும் இதே சங்கதி உண்டு.

அதே செடியிலிருந்து வெட்டிய துண்டை இரண்டாவது செடியாக நட்டுவிடாதீர்கள். அது மரபில் அதே செடிதான், பத்து வைத்தாலும் பலனில்லை. வேறு வகை ஒன்றை வாங்கி வையுங்கள், இரண்டும் ஒரே இரவில் பூக்கிற மாதிரி அமைந்தால் நல்லது.

கேள்வி: தக்காளிப் பூவில் ஆணும் பெண்ணும் சேர்ந்தே இருக்கிறதே, வலைக்கூடாரத்துக்குள் ஏன் பூ உதிர்கிறது?

பதில்: சேர்ந்திருந்தால் மட்டும் போதாது, தூள் வெளியே கொட்ட வேண்டும். தக்காளியின் மகரந்தப்பைகள் கூம்பு மாதிரி ஒட்டிக்கொண்டு நிற்கும், தூள் அதற்குள்ளே இருக்கும். திறந்த வெளியில் காற்று ஆட்டும், தச்சு வண்டு பூவைப் பிடித்துக்கொண்டு விர்ரென்று அதிர்ந்து தூளை உதிர்க்கும். தேனீக்கு அந்த வித்தை வராது. வலைக்குள் இரண்டும் இல்லாததால், பகலில் பூங்கொத்தை விரலால் சுண்டிவிடுங்கள். கத்தரிக்கும் செய்யலாம். ஆனால் வெப்பம் 35 டிகிரிக்கு மேல் நாள்கணக்கில் நின்றால் தூளே வலுவிழந்துவிடும், அப்போது எவ்வளவு சுண்டினாலும் பிரயோசனம் இல்லை, நிழல்வலைதான் வழி.

கேள்வி: தூள் இல்லாமல் பழமே வராது என்றால் வாழைப்பழம்?

பதில்: வராது என்று யார் சொன்னது? நாம் வளர்க்கும் வாழை தூளைக் கேட்காமலே சூற்பையைப் பழுக்க வைக்கிறது, கருவுறாக்கனி என்று அதற்குப் பெயர். பழத்தை நீளவாக்கில் பிளந்தால் நடுவில் கறுப்புப் புள்ளிகள் வரிசையாகத் தெரியும், விதையாகாமல் நின்றுபோன சூல்கள் அவை. பழம் வேறு விதை வேறு என்பதை 1694-இலேயே ருடால்ஃப் கமெராரியஸ் என்ற ஜெர்மானியர் எழுதிவைத்தார். ஆண் மரம் அருகில் இல்லாத பெண் முசுக்கொட்டையில் பழம் வந்தது, விதைகள் வெறும் கூடாக இருந்தன. அதிலிருந்து பிடித்துக்கொண்டு, ஆமணக்கில் ஆண் பூக்களைக் கிள்ளி எறிந்து பார்த்தார், நல்ல விதை பிடிக்கவில்லை. செடிக்கும் ஆண் பெண் உண்டு என்பதற்குச் சோதனை வழியாகக் கிடைத்த முதல் சான்றுகளில் ஒன்று அது.

கேள்வி: ஒரே மாங்கொட்டையில் மூன்று முளை வந்திருக்கிறது. மூன்றும் கலப்பா?

பதில்: சில மா வகைகளில் அப்படி வரும். ஒன்று கருவுறுதலால் வந்ததாக இருக்கலாம், மற்றவை சூலின் உள்திசுவிலிருந்து நேரடியாக உண்டானவை, அவை தாயின் அச்சு அசல். எலுமிச்சை, ஆரஞ்சு வகைகளிலும் இது சகஜம். கலப்பு முளை பெரும்பாலும் நோஞ்சானாக இருந்து சில சமயம் செத்தும் போகும், ஆனால் வெறும் கண்ணால் பார்த்து உறுதியாகச் சொல்ல முடியாது. நாலு இலை விட்டதும் வேர் அறாமல் பிரித்துத் தனித்தனித் தொட்டியில் வையுங்கள். இடம் ஒன்றுக்குத்தான் இருக்கிறது என்றால் வாளிப்பாக வளர்வதை வைத்துக்கொள்ளுங்கள்.