பஸ் படியில் ஒரு 'தேங்க் யூ'

வணக்கம் சார்,

கோர்டன் ஜாக்சன் இத்தனை படங்களில் நடித்தும் ஏன் கதாநாயகன் ஆகவில்லை? ஸ்காட்லாந்துப் பேச்சு தடையா? கடைசியில் வெறும் வேலைக்காரன் வேஷத்தில்தானே பெயர் வாங்கினார்? நானும் நாடகக் குழுவில் இருக்கிறேன். இந்த முறையும் நான்கு வசனம்தான், தனித்தாளில் எழுதி இணைத்திருக்கிறேன். அவர் படங்களில் எதிலிருந்து தொடங்கலாம்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

கதாநாயகன் விஷயத்தை விட்டுவிடுவோம். பேச்சு தடையாக இல்லை, பிழைப்பே அதுதான். லண்டன்காரர் விழுங்கிவிடும் கடைசி 'ர்' ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோக்காரர் வாயில் நாம் 'சார்' என்பதுபோல முழுசாக ஒலிக்கும். 'அப்ஸ்டேர்ஸ், டவுன்ஸ்டேர்ஸ்' தொடரில் (1971–75) பட்லர் ஹட்சனுக்கு அது பணிவு. 1977-ல் 'த புரொஃபஷனல்ஸ்' தொடரில் ரகசியப் படைத் தலைவர் கௌலிக்கு அதுவே அதட்டல். அந்த 'வெறும்' வேலைக்காரனுக்குத்தான் 1976-ல் அமெரிக்கத் தொலைக்காட்சியின் எம்மி விருது கொடுத்தார்கள்.

எனக்கு எரிச்சல் வேறு இடத்தில். உங்கள் நான்கு வசனத்தையும் எழுதிவிட்டீர்கள். எதிரே நிற்பவர் என்ன சொல்கிறார்? அதைக் காணவே காணோம்!

'த கிரேட் எஸ்கேப்' (1963) பாருங்கள். ஜெர்மன் சிறைமுகாமிலிருந்து, ஆங்கிலம் பேசாத வேற்று நாட்டவர்போல வேஷமிட்டுத் தப்பப்போகிறவர்களுக்கு ஜாக்சன் பரீட்சை வைக்கிறார். திடீரென்று ஆங்கிலத்தில் 'குட் லக்' என்பார், அசந்தவன் 'தேங்க் யூ' என்று மாட்டிக்கொள்வான். பிறகு தப்பிவந்து பஸ் ஏறும்போது கெஸ்டபோக்காரன் (ஹிட்லரின் ரகசியப் போலீஸ்) அதே 'குட் லக்' சொல்கிறான். சொல்லிக்கொடுத்த வாத்தியாரே 'தேங்க் யூ' என்றுவிடுகிறார்.

இது எங்கே கெடும்? நடிகருக்கு முடிவு தெரியும். அதனால் 'குட் லக்' வருமுன்பே கழுத்து விறைக்கும், இல்லையென்றால் பதிலுக்கு முன் ஒரு மூச்சு இழுப்பார். அந்த அரை நொடி போதும், யோசித்துச் சொன்னதாகிவிடும். யோசித்தவன் ஏன் ஆங்கிலத்தில் சொல்லப்போகிறான்? காட்சி அங்கேயே செத்தது. ஜாக்சனுக்கு அந்த நேரம் அடையாளக் காகிதச் சோதனை முடிந்தாயிற்று, மனசு பஸ்ஸுக்குள் போய்விட்டது. வாய் மட்டும் வளர்ப்புப் பழக்கத்தில் நன்றி சொல்கிறது. திடுக்கிடல் அதற்குப் பிறகுதான்.

தம்பி, ஒத்திகையில் முதலில் எதிராளியின் வசனத்தை மனப்பாடம் செய்யுங்கள். அதில் எந்தச் சொல்லில் உங்கள் பாத்திரத்துக்கு விஷயம் புரிகிறதோ, அதன் கீழே கோடு போடுங்கள். பெரும்பாலும் அது கடைசிச் சொல்லாக இருக்காது. அங்கே கண் மாறலாம், வாய் அவர் முடிக்கும்வரை பொறுக்க வேண்டும். கைக்கு நிஜமான வேலை ஒன்று கொடுங்கள்: துணி மடிப்பதுபோல, பாதியில் நின்றால் பார்ப்பவருக்குத் தெரிகிற வேலை. சும்மா தொங்கும் கைதான் உங்கள் முறைக்குக் காத்திருப்பதைக் காட்டிக்கொடுக்கும். (கைக்குட்டை வேண்டாம். எல்லாரும் அதைத்தான் எடுக்கிறார்கள்.)

பட்டியல் கேட்டீர்கள், மறந்தே போனேன். 'விஸ்கி கலோர்' (1949) முதலில்: அம்மாவுக்கு நடுங்குகிற மகன், குடித்த பிறகுதான் வாய் திறக்கிறான். அடுத்து, 'த பிரைம் ஆஃப் மிஸ் ஜீன் ப்ரோடி' (1969) படத்தின் சங்கீத வாத்தியார். பஸ் காட்சியைச் சத்தமில்லாமல் ஒருமுறையும் சத்தத்தோடு ஒருமுறையும் பாருங்கள்.

அடுத்த கடிதத்தில் எதிராளியின் வசனங்களையும் எழுதி அனுப்புங்கள்.