லித்தியம் சாப்பிடும் அண்ணன் கடலுக்குப் போகலாமா?

அண்ணனுக்கு பைபோலார் (மனம் சில காலம் பித்துப் பிடித்தாற்போல் கிளர்ந்தும், சில காலம் சோர்ந்தும் போகும் நோய்) என்று லித்தியம் கொடுத்திருக்கிறார்கள், இது எதனால் வந்தது, மாத்திரையோடு விசைப்படகில் போகலாமா என்று பாம்பனிலிருந்து கேட்டிருக்கிறீர்கள்.

யாரும் செய்வினை வைக்கவில்லை. இரட்டையர் ஆய்வுகளில் மரபணுவின் பங்கு 60 முதல் 85 சதவீதம் வரை தெரிகிறது. ஒரே மரபணு அல்ல, சின்னச் சின்னதாகப் பல. அதனால் அப்பாவுக்கு இருந்தால் பிள்ளைக்கு வந்தே தீரும் என்பதில்லை.

தூண்டிவிடுவதில் தூக்கக்கேடு முக்கியம். என் சித்தப்பாவுக்கு அப்படித்தான் தொடங்கும்: இரண்டு ராத்திரி கண் மூடாமல் வலை பொத்துவார், மூன்றாம் நாள் புதுப் படகுக்கு அட்வான்ஸ் கொடுத்துவிட்டு வந்து நிற்பார்.

லித்தியம் ஓர் உப்புதான். அது பித்து நிலையைத் தணிப்பதை 1949-இல் ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட் எழுதினார். இன்றும் அது முதல்வரிசை மருந்து. ஆனால் குணமாக்கும் அளவுக்கும் விஷமாகும் அளவுக்கும் இடைவெளி குறைவு, அதற்குத்தான் அடிக்கடி ரத்தப் பரிசோதனை. வெயிலில் வியர்த்து, சட்டையில் உப்புப் பூத்து நிற்கிறதே, அப்போது உடம்பில் நீரும் சோடியமும் குறைகின்றன. சிறுநீரகம் லித்தியத்தை வெளியே விடாமல் பிடித்துவைக்கும், ரத்தத்தில் அளவு ஏறும். அதனால் படகில் தண்ணீர் கேன் தாராளமாக இருக்கட்டும். சாப்பாட்டில் உப்பைத் திடீரென்று குறைக்காதீர்கள். உடம்புவலிக்கு இபுபுரூஃபன், டைக்ளோஃபினாக் தானாக வாங்கிப் போடவே கூடாது. கை நடுக்கம் கூடினாலோ, நாக்கு குழறினாலோ, வாந்தி பேதி வந்தாலோ உடனே ஆஸ்பத்திரி.

சரி, போகலாமா? டாக்டரிடம் அண்ணனின் தொழிலைச் சொல்லிக் கேளுங்கள். ரத்த அளவு நிலைக்கும்வரை ராத்தங்கல் வேண்டாம், பகலில் கரையோர வேலை பார்க்கட்டும்.