டி. எஸ். பாலையாவை நான்கு சனிக்கிழமைகளில் எப்படிப் பார்ப்பது?

கேள்வி: திருகோணமலையில் எங்கள் வாசிகசாலையில் நான்கு சனிக்கிழமை பின்நேரம் பாலையா நடித்த படங்களைப் போடப்போகிறோம். எவற்றை, எந்த ஒழுங்கில் போடலாம்?

பதில்: ஆண்டு வரிசையில் போடாதீர்கள். 1936இன் 'சதி லீலாவதி' அவருக்கும் எம்.ஜி.ஆருக்கும் முதற்படம். நாயகன் இலங்கைக்குத் தப்பி வந்து தேயிலைத் தோட்டக் கூலியாகும் கதை என்பதால் இங்கே எல்லாரும் அதைத்தான் கேட்பார்கள். ஆனால் பிரதி கையில் இல்லாமல் அதை நிகழ்ச்சியில் சேர்க்காதீர்கள்.

முதல் நாள் 'காதலிக்க நேரமில்லை' (1964). நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியில் வசனமெல்லாம் நாகேஷுக்கு. பாலையாவுக்குக் கேட்பதுதான் வேலை. நிமிர்ந்து உட்கார்ந்த பணக்காரர் கொஞ்சம் கொஞ்சமாகக் குறுகிப்போவதைப் பாருங்கள். முடிந்ததும் அதே காட்சியை ஒலியை நிறுத்திவிட்டு மறுபடி ஓடவிடுங்கள். மற்ற படங்களில் எதைக் கவனிப்பது என்று சபைக்கு அப்போதே விளங்கிவிடும்.

இரண்டாம் நாள் 'அம்பிகாபதி' (1937). முழுதாக வேண்டாம், பாட்டுகளில் இளசுகள் எழும்பிப் போய்விடுவார்கள். தளபதி ருத்திரசேனன் வரும் பகுதிகள் போதும். தேடும்போது ஒரு பிழை வரும்: சிவாஜி நடித்த 1957ஆம் ஆண்டு 'அம்பிகாபதி' வேறு படம். 1937இல் நாயகன் என்றால் பெரும்பாலும் சொந்தக் குரலில் பாடவேண்டும். அந்த இடம் தியாகராஜ பாகவதருக்கு. பாலையாவுக்குக் கிடைத்தது பேச்சும் முறைப்பும். அதே மாலை 'திருவிளையாடல்' (1965) படத்தில் பாலையா செருக்குப் பிடித்த பாடகராக வரும் ஹேமநாத பாகவதர் கதையை மட்டும் போடுங்கள். தனித்தனிக் கதைகளாக உள்ள படம், வெட்டினாலும் குறையாது. பாடும் குரல் பாலமுரளிகிருஷ்ணா. பாலையாவின் உதட்டைவிடக் கழுத்தையும் மூச்சையும் பாருங்கள். தோடி, தர்பார், மோகனம், கானடா என்று ராகம் மாறுகையில் செருக்கும் ஒரு படி ஏறும். விறகுவெட்டியாக வரும் சிவனின் பாட்டைக் கேட்டபின் அதே உடம்பு வேறு ஆளுடையது. 28 ஆண்டு இடைவெளி ஒரே இரவில் தெரிய இதைவிட நல்ல சோடி இல்லை.

மூன்றாம் நாளுக்கு 'வேலைக்காரி' (1949) அல்லது 'பாகப்பிரிவினை' (1959). முன்னதில் நாயகனுக்கு யோசனை சொல்லும் நண்பன் மணி. "முதலில் வில்லன், பிறகு சிரிப்பு அப்பா" என்று அவரைச் சுருக்கிச் சொல்பவர்களுக்கு அதுவே பதில். பின்னதில் பாசமும் பலவீனமும் கலந்த அண்ணன். ஒன்றுதான் முடியுமென்றால் எனது தெரிவு 'வேலைக்காரி'.

போடுவதில் இரண்டு பிழைகள் வழக்கம். பழைய படம் நாலுக்கு மூன்று அளவானது. அகலத்திரைக்கு இழுத்தால் முகம் ஊதி, உடல்மொழி கெட்டுவிடும். பக்கங்களில் கறுப்பு விழட்டும். இரைச்சலைக் குறைக்கும் வசதியையும் நிறுத்துங்கள், அது 'ச', 'ஸ' ஒலிகளைச் சேர்த்து விழுங்கும். கடற்கரையில் திறந்தவெளித் திரை வடிவாகத்தான் இருக்கும், ஆனால் கச்சான் காற்றுக் காலத்தில் அவர் குரலைத் தாழ்த்திச் சொல்லும் வசனம் ஒன்றும் காதில் விழாது. ஸ்பீக்கரைத் திரைக்குப் பக்கத்தில் வைத்து மண்டபத்துக்குள்ளேயே போடுங்கள்.

கடைசி நாள் 'தில்லானா மோகனாம்பாள்' (1968). பாலையா தவில்காரர் முத்துராக்கு. பத்திரகாளி அம்மன் கோயில் திருவிழாவில் தவில் கேட்டு வளர்ந்தவர்கள் விரலில் பிழை பிடிக்கத் தொடங்குவார்கள். தோளைப் பார்க்கச் சொல்லுங்கள். நாயகனான நாதஸ்வரக்காரர் சண்முகசுந்தரம் கோபப்படும் இடங்களில் வாசிப்பை விடாமலே அவர் கண்ணால் அடக்குவதையும்.